பக்கத்து வீட்டுக் கொட்டகை

நகரத்தில் மாடு வளர்ப்பவருக்கும் பக்கத்து வீட்டாருக்கும் மூளும் சண்டை, பார்வைக்கு மாட்டைப் பற்றியதாகத் தெரிந்தாலும், பெரும்பாலும் இடத்தைப் பற்றியது. கிராமத்தில் தொழுவம் வீட்டுக்குப் பின்னால் இருக்கும், எருக்குழி அதற்கும் அப்பால் இருக்கும். நகரத்தில் அந்தத் தூரம் கிடையாது. ஒருவர் வீட்டு மாடு அசை போடும் இடத்துக்கும் இன்னொருவர் வீட்டுச் சமையலறை ஜன்னலுக்கும் நடுவே ஒற்றைச் செங்கல் சுவர்தான் இருக்கும். சில சந்துகளில் அதுவும் இருக்காது.

சென்னைப் பட்டினப்பாக்கத்தின் அமைப்பைப் பார்த்தால் இது விளங்கும். கிழக்கே கடல், தெற்கே அடையாற்று முகத்துவாரம், மேற்கே சாந்தோம் நெடுஞ்சாலை. இந்தத் துண்டு நிலத்துக்குள் சீனிவாசபுரம் போன்ற மீனவர் குடியிருப்புகள், அரசு வாரியங்கள் கட்டிய அடுக்கு வீடுகள், சற்றுத் தள்ளி எம்.ஆர்.சி. நகரின் உயர்ந்த அடுக்ககங்கள் என்று எல்லாம் நெருக்கியடித்து நிற்கின்றன. மயிலாப்பூர் மாட வீதிகள், திருவல்லிக்கேணி, மந்தைவெளி என்று இந்தக் கடலோரப் பகுதி முழுவதும் தலைமுறை தலைமுறையாகக் கறவை மாடு வைத்துப் பிழைத்தவர்கள் உண்டு. பாக்கெட் பால் வருவதற்கு முன்னால் வீட்டு வாசலுக்கே மாட்டை ஓட்டி வந்து, கண் முன்னால் கறந்து ஊற்றிய காலம் இன்றைய பெரியவர்களின் நினைவில் இருக்கிறது. மாடுகள் இன்னமும் இருக்கின்றன. அவற்றைச் சுற்றியிருந்த காலி மனைகள்தான் இல்லாமல் போய்விட்டன.

ஒரு மாட்டுக்கு எவ்வளவு இடம் வேண்டும் என்பதற்குக் கணக்கு உண்டு. இந்தியத் தர நிர்ணய அமைவனத்தின் பரிந்துரைப்படி ஒரு பசுவுக்குக் கூரையுள்ள இடம் 3.5 சதுர மீட்டர், உலாவத் திறந்தவெளி 7 சதுர மீட்டர். எருமைக்கு 4 சதுர மீட்டரும் 8 சதுர மீட்டரும். இரண்டையும் சேர்த்தால் ஒரு பசுவுக்குச் சுமார் 113 சதுர அடி. மூன்று பசு வைத்திருக்கும் ஒரு குடும்பத்துக்குக் கொட்டகைக்கு மட்டுமே 340 சதுர அடி வேண்டும். கடற்கரையோரப் பழைய வாரிய வீடுகள் பலவற்றின் மொத்தப் பரப்பே அதைவிடக் குறைவு. ஆகவே மாடு தெருவில் கட்டப்படுகிறது, மாடிப்படிக்கு அடியில் கட்டப்படுகிறது, அல்லது கறந்ததும் அவிழ்த்துவிடப்படுகிறது. சண்டையின் விதை அங்கே இருக்கிறது.

சாணி, ஈ, தண்ணீர்

ஒரு கறவை மாடு நாளொன்றுக்கு 10 முதல் 20 கிலோ வரை சாணி போடும். மூத்திரம் சுமார் 10 லிட்டர். மூன்று மாடு என்றால் மாதத்துக்கு ஏறக்குறைய ஒரு டன்னோ அதற்கு மேலோ சாணி சேரும். கிராமத்தில் இது எரு, வராட்டி, வாசல் தெளிக்கும் சாணிப்பால், எல்லாமே பயன்பாடுதான். வயலும் இல்லாமல், விறகடுப்பும் இல்லாமல் போன நகரத் தெருவில் இதே சாணி போகும் இடம் மழைநீர் வடிகால்தான். குழாய்த் தண்ணீரைப் பீய்ச்சிக் கொட்டகையைக் கழுவினால் தரை சுத்தமாகும், வடிகால் அடைத்துக்கொள்ளும். கழுவியவர் வீட்டில் ஈரம் காய்ந்துவிடும்; நான்கு வீடு தள்ளி, பள்ளமான இடத்தில் இருப்பவர் வாசலில் அது தேங்கும்.

புகார் மனுக்களில் முதலில் எழுதப்படுவது நாற்றம். உடல்நலக் கணக்கில் முதலிடம் அதற்கு அல்ல, ஈக்கு. வீட்டு ஈ முட்டையிட்டு வளர மிகவும் ஏற்ற பொருள்களில் கால்நடைச் சாணமும் ஒன்று. சென்னையின் வெப்பத்தில் முட்டை புழுவாகி, கூடாகி, ஈயாகப் பறக்க 7 முதல் 10 நாட்கள் போதும். ஒரு பெண் ஈ தன் வாழ்நாளில் பல நூறு முட்டைகள் இடும். சாணத்தில் உட்கார்ந்த காலோடு சோற்றிலும் பால் பாத்திரத்திலும் உட்காரும்போது வயிற்றுப்போக்கு உண்டாக்கும் கிருமிகளை அது கூடவே கொண்டுவருகிறது. இந்த நாள் கணக்கில்தான் தீர்வும் இருக்கிறது. சாணத்தை வாரத்துக்கு இரண்டு முறையாவது அந்த இடத்தை விட்டு முழுவதுமாக அகற்றினால் ஈ வளர்ந்து முடிக்க நேரம் கிடைக்காது. மருந்து அடிப்பதைவிட இது பலன் தருவது, செலவும் குறைவு.

கொசுவின் கதை கொஞ்சம் மாறுபட்டது. சாணி கலந்த கழிவுநீர் தேங்கும் இடத்தில் கியூலெக்ஸ் கொசு பெருகும். மாட்டுக்குத் தண்ணீர் காட்டும் சிமெண்ட் தொட்டியில் தண்ணீர் மாற்றாமல் கிடந்தால் டெங்குவைப் பரப்பும் ஏடிஸ் கொசு அங்கே முட்டையிடும். தொட்டியை வாரம் ஒரு முறை காலி செய்து தேய்த்துக் கழுவினாலே ஏடிஸ் ஒழியும் என்பதை மாநகராட்சியின் கொசு ஒழிப்புப் பணியாளர்கள் வீடு வீடாகச் சொல்லி வருகிறார்கள்.

மழைக்காலத்தில் கவலைக்குரியது லெப்டோஸ்பைரா என்னும் நுண்ணுயிரி. அது உண்டாக்கும் நோயைத் தமிழில் எலிக்காய்ச்சல் என்று சொல்வதால் எலி மட்டுமே காரணம் என்று பலரும் நினைக்கிறார்கள். மாடு, எருமை, பன்றி, நாய் ஆகியவற்றின் மூத்திரத்திலும் அது வெளியேறும். அக்டோபர் முதல் டிசம்பர் வரை பெய்யும் வடகிழக்குப் பருவமழையில் தெருவில் தேங்கும் தண்ணீரில் வெறுங்காலோடு நடப்பவரின் கால் வெடிப்பு, சிறு காயம் வழியாக உடலுக்குள் புகும். தொடக்கத்தில் சாதாரணக் காய்ச்சல் போலவே இருக்கும். கவனிக்காமல் விட்டால் சிறுநீரகத்தையும் கல்லீரலையும் தாக்கும். கொட்டகை இருக்கும் தெருவில் வசிப்பவருக்கு மழை நேரத்தில் காய்ச்சல் வந்தால், வீட்டருகே மாடு இருப்பதை மருத்துவரிடம் சொல்வது நோயைச் சீக்கிரம் கண்டுபிடிக்க உதவும்.

பாலோடு வரும் நோய்களும் உண்டு. புரூசெல்லா என்னும் கிருமி மாட்டுக்குக் கன்று வீச்சையும் மனிதருக்கு நாள்பட்ட காய்ச்சலையும் மூட்டுவலியையும் கொடுக்கும். பாலைப் பொங்கக் காய்ச்சினால் குடிப்பவருக்கு ஆபத்தில்லை. ஆனால் கன்று வீசிய மாட்டின் நஞ்சுக்கொடியை வெறுங்கையால் எடுத்துத் தெருக் குப்பைத்தொட்டியில் போடும்போது, எடுத்தவருக்கும் குப்பை அள்ளுபவருக்கும் ஆபத்து. மத்திய அரசு 2019-ல் தொடங்கிய தேசியக் கால்நடை நோய்க் கட்டுப்பாட்டுத் திட்டத்தில் 4 முதல் 8 மாதம் வரையுள்ள கிடாரிக் கன்றுகளுக்கு இதற்கான தடுப்பூசி போடப்படுகிறது. நகரத்து மாடுகளும் இதில் அடக்கம்; கேட்டுப் போட்டுக்கொள்ள வேண்டியது வளர்ப்பவரின் பொறுப்பு.

பன்றி விஷயத்தில் கடுமை கூடுதலாக இருப்பதற்குக் காரணம் ஜப்பானிய மூளைக்காய்ச்சல். கொசு மூலம் பரவும் அந்த வைரஸ் பன்றியின் உடலில் பல்கிப் பெருகும். இந்தியாவில் அந்நோய் முதன்முதலில் 1955-ல் அடையாளம் காணப்பட்டது நம் வேலூரில்தான். ஆடும் கோழியும் பொதுவாக நாற்றத்துக்கும் இரைச்சலுக்கும் உரிய புகார்களோடு நின்றுவிடும். மொட்டை மாடியில் சேவல் வளர்ப்பவருக்கும் கீழ்த்தளத்தில் இரவுப் பணி முடிந்து படுப்பவருக்கும் வரும் சண்டை அவர்கள் இருவருக்கும் பெரிதுதான். பொது சுகாதாரத் துறை தலையிடும் அளவுக்கு அது போவது அரிது.

பழைய வழக்குகள், பழைய சட்டங்கள்

இந்தச் சண்டை நீதிமன்றம் ஏறிய வரலாறு நீண்டது. 1610-ல் இங்கிலாந்தில் ஆல்ட்ரெட் என்பவர், தன் வீட்டை ஒட்டிப் பக்கத்து வீட்டுக்காரர் பன்றிக் கொட்டில் கட்டியதால் நாற்றம் தாங்கவில்லை என்று வழக்குத் தொடுத்தார். பன்றி மனிதருக்குத் தேவையான பிராணி, இவ்வளவு மென்மையான மூக்கு ஒருவருக்கு இருக்கக் கூடாது என்று எதிர்த்தரப்பு வாதிட்டது. குடியிருப்பவருக்குத் தூய காற்று உரிமை என்று தீர்ப்பானது. இந்திய உரிமையியல் நீதிமன்றங்களில் இன்று பக்கத்து வீட்டுக் கொட்டகைக்கு எதிராகத் தடையாணை கேட்கும் வழக்குகளின் வேர் அங்கே இருந்து வருகிறது.

பொது சுகாதாரச் சட்டத்தின் வேரும் அங்கிருந்தே வந்தது. தொல்லையாகவோ உடல்நலத்துக்குக் கேடாகவோ வைக்கப்படும் பிராணியைத் தொல்லைகளின் பட்டியலில் சேர்த்தது இங்கிலாந்தின் 1875-ஆம் ஆண்டுப் பொது சுகாதாரச் சட்டம். அந்த எண்ணம் 1939-ல் சென்னை மாகாணம் இயற்றிய பொது சுகாதாரச் சட்டத்தில் இடம் பெற்றது. இந்தியாவில் இத்துறைக்கென முழுமையாக எழுதப்பட்ட முதல் மாகாணச் சட்டம் என்ற பெருமை அதற்கு உண்டு. அது இன்றும் தமிழ்நாட்டில் நடைமுறையில் இருக்கிறது. கொரோனா காலத்தில் அரசு பிறப்பித்த உத்தரவுகள் பலவற்றுக்கு அதுவே ஆதாரம்.

அந்தச் சட்டத்தின் தொல்லை நீக்கும் பகுதி எளிமையானது. பாதிக்கப்பட்ட எவரும் சுகாதார அலுவலருக்குத் தகவல் கொடுக்கலாம். அலுவலர் அந்த இடத்துக்குள் சென்று பார்வையிடலாம். தொல்லை உண்மை என்று கண்டால், அதற்குக் காரணமானவருக்கு, குறிப்பிட்ட காலத்துக்குள் இன்னின்னதைச் சரி செய் என்று நோட்டீஸ் கொடுக்கலாம். செய்யாவிட்டால் உள்ளாட்சியே செய்து, செலவை அவரிடம் வசூலிக்கலாம், வழக்கும் தொடரலாம். மாட்டைப் பறிமுதல் செய்வதோ கொட்டகையை இடிப்பதோ இதில் முதல் படி அல்ல என்பது முக்கியம். தரைக்குச் சிமெண்ட் போடு, மூத்திரம் வழிய வாய்க்கால் எடு, சாணத்தை மூடிய தொட்டியில் சேர், மூன்று மாட்டில் ஒன்றைக் குறை என்றெல்லாம் நோட்டீஸில் எழுத முடியும். இன்று நடக்கும் சண்டைகளில் பாதியாவது இந்த ஒரு தாளில் முடியக்கூடியவை. அந்தத் தாள் மிக அரிதாகவே எழுதப்படுகிறது என்பதே குறை.

அடுத்தது உரிமம். நகர்ப்புறங்களில் விலங்குகளையும் பறவைகளையும் வளர்ப்பதைக் கட்டுப்படுத்தவும் ஒழுங்குபடுத்தவும் தமிழ்நாடு 1997-ல் தனிச் சட்டமே இயற்றியது. அதன்படி நகர எல்லைக்குள் கால்நடை வளர்க்க உள்ளாட்சியிடம் உரிமம் பெற வேண்டும். இடத்தைப் பார்த்து, வசதி இருக்கிறதா என்று சோதித்து, நிபந்தனையோடு தரப்படுவது உரிமம். அதை ஒழுங்காகச் செயல்படுத்தினால் எத்தனை மாடு, எந்தத் தெருவில், யார் பொறுப்பில் என்ற பதிவேடு மாநகராட்சியின் கையில் இருக்கும். நூறாண்டுப் பழமையான 1919-ஆம் ஆண்டு மாநகராட்சிச் சட்டத்துக்குப் பதிலாக 2023 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த நகர்ப்புற உள்ளாட்சி அமைப்புகள் சட்டமும் கால்நடை தொடர்பான அதிகாரங்களை மாநகராட்சிக்குத் தருகிறது. சட்டத்துக்குப் பஞ்சம் இல்லை.

தெருவுக்கு வரும் வண்டி

நடைமுறையில் மக்கள் கண்ணில் படுவது இவற்றில் எதுவும் அல்ல, மாடு பிடிக்கும் வண்டிதான். சாலையில் திரியும் மாட்டை மாநகராட்சிப் பணியாளர்கள் பிடித்துப் புதுப்பேட்டையிலோ பெரம்பூரிலோ உள்ள தொழுவத்தில் அடைக்கிறார்கள். உரிமையாளர் அபராதமும் பராமரிப்புச் செலவும் கட்டி மீட்டுக்கொள்கிறார். மேய்ச்சல் மாட்டைப் பட்டியில் அடைக்கும் இந்த வழக்கம் 1871-ஆம் ஆண்டுக் கால்நடை அத்துமீறல் சட்டத்தின் காலத்திலிருந்து வருகிறது. பயிரை மேய்ந்த மாட்டுக்கு அன்று எழுதிய வைத்தியத்தைத்தான் போக்குவரத்து நெரிசலுக்கும் பயன்படுத்துகிறோம்.

2023 ஆகஸ்டில் அரும்பாக்கத்தில் பள்ளி விட்டு வந்துகொண்டிருந்த 9 வயதுச் சிறுமியை ஒரு பசு முட்டித் தூக்கி எறிந்த காட்சி கண்காணிப்பு கேமராவில் பதிவாகி ஊரையே உலுக்கியது. அதே ஆண்டு அக்டோபரில் திருவல்லிக்கேணியில் மாடு முட்டி முதியவர் ஒருவர் இறந்தார். 2024 ஜூனில் திருவொற்றியூரில் தெருவில் நடந்து சென்ற பெண்ணை எருமை முட்டி இழுத்துச் சென்றது. ஒவ்வொரு சம்பவத்துக்குப் பிறகும் அபராதம் ஏறியது. சில ஆயிரங்களில் இருந்த தொகை 2023 இறுதிக்குள் முதல் முறைக்கு 5,000 ரூபாய், மீண்டும் பிடிபட்டால் 10,000 ரூபாய் என்றானது. 2024 ஜூலையில் மாமன்றம் அதை 10,000 ஆகவும் 15,000 ஆகவும் உயர்த்தியது.

இந்த நடவடிக்கை தேவையே இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. குழந்தை நடக்கும் தெருவில் கொம்புள்ள மாடு தனியாக நிற்கக் கூடாது. ஆனால் பக்கத்து வீட்டுக் கொட்டகைச் சண்டைக்கு இது மருந்தாகாது. வண்டி பிடிப்பது சாலையில் நிற்கும் மாட்டை. சுவருக்கு அப்பால் கட்டிக் கிடக்கும் மாட்டின் சாணத்தை அது அள்ளுவதில்லை. அபராதம் கட்டி மீட்ட மாடு அதே இடமற்ற கொட்டகைக்குத்தான் திரும்பி வருகிறது. அபராதம் கூடக் கூட, மாடு வைத்திருப்பவர் வண்டியின் கண்ணில் படாமல் இருக்கச் சந்துக்குள்ளேயே கட்டிப் போடுகிறார். சாலையில் தொல்லை குறையும்போது அடுத்த வீட்டு வாசலில் அது கூடலாம். சாலைக்கு வண்டியும் கொட்டகைக்குச் சுகாதார ஆய்வாளரும் ஒரே வேகத்தில் போனால்தான் இரண்டும் ஒன்றுக்கொன்று துணையாகும்.

புகார் கொடுப்பவர் செல்லும் வழி

சண்டை பெரும்பாலும் நயமாகவே தொடங்கும். “அக்கா, சாணிய கொஞ்சம் அந்தாண்ட தள்ளிப் போடக் கூடாதா? கொழந்தைங்க விளையாடுற எடம்” என்று ஒருவர் கேட்பார். “நேத்து வந்தவங்க நீங்க, எங்க பாட்டி காலத்துலேர்ந்து மாடு இங்கதான் நிக்குது” என்று பதில் வரும். மூன்றாவது நாள் குரல் உயரும். அதற்குப் பிறகு பேச்சு மாட்டை விட்டு விலகி, சாதி, வாடகை, வெளியூர்க்காரர் என்று போகாத இடத்துக்கெல்லாம் போகும். எழுத்தில் புகார் கொடுப்பது சண்டையைப் பெரிதாக்கும் என்று பலர் அஞ்சுகிறார்கள். பல வேளைகளில் உண்மை அதற்கு நேர்மாறானது. பொறுப்பு மூன்றாவது ஆளிடம் போய்விடுவதால் இருவருக்கும் முகம் பார்த்துப் பேச வழி மிஞ்சுகிறது.

சென்னையில் முதல் படி 1913 என்ற எண், அல்லது நம்ம சென்னை செயலி. இரண்டிலும் புகார் எண் தருவார்கள். அந்த எண்ணைப் பத்திரப்படுத்த வேண்டும். வார்டு அலுவலகத்தில் சுகாதார ஆய்வாளரிடம் எழுத்து மனுவும் கொடுத்து, நகலில் கையொப்பமும் தேதியும் வாங்கிக்கொள்வது நல்லது. மனுவில் ‘மாட்டை அப்புறப்படுத்த வேண்டும்’ என்று மொட்டையாக எழுதுவதைவிட, எங்கே சாணி குவிகிறது, எந்த வடிகால் அடைக்கிறது, எத்தனை நாளுக்கு ஒரு முறை அகற்றப்படுகிறது, எத்தனை மாடு, எந்த நேரத்தில் அவிழ்த்துவிடப்படுகிறது என்று எழுதினால் ஆய்வாளருக்கு நோட்டீஸ் எழுத வசதி. தேதியோடு எடுத்த படங்கள் உதவும். தெருவில் பல வீட்டார் கையெழுத்திட்ட மனுவுக்கு எடை கூடும். அதற்குச் சட்டக் காரணமும் உண்டு.

அந்தக் காரணம் பொதுத் தொல்லைக்கும் தனித் தொல்லைக்கும் உள்ள வேறுபாடு. ஒரே ஒரு வீட்டுக்கு மட்டும் இடைஞ்சல் என்றால் அது தனித் தொல்லை. நிவாரணம் உரிமையியல் நீதிமன்றத்தில் தடையாணை, இழப்பீடு. அக்கம்பக்கத்தில் வாழ்பவர்களுக்குப் பொதுவாகப் பாதிப்பு என்றால் பொதுத் தொல்லை, அது குற்றம். 2024 ஜூலை 1 முதல் இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 270-ஆம் பிரிவு அதை வரையறுக்கிறது. அதனால் சிலருக்கு வசதியோ ஆதாயமோ உண்டு என்பது தொல்லைக்குச் சாக்கு ஆகாது என்றும் அந்தப் பிரிவே சொல்கிறது. ‘தெருவுக்கே நான்தானே பால் ஊற்றுகிறேன்’ என்ற வாதம் அங்கே நிற்காது. 291-ஆம் பிரிவு, தன் பொறுப்பில் உள்ள பிராணியால் மனித உயிருக்கு ஆபத்தோ கடுங்காயமோ நேராதபடி போதிய கவனம் எடுக்காதவருக்கு 6 மாதம் வரை சிறை அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும் விதிக்க வழி செய்கிறது.

காவல் நிலையத்துக்கும் நீதிமன்றத்துக்கும் நடுவே ஒரு வழி உண்டு. அதைப் பலர் அறிவதில்லை. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 133-ஆம் பிரிவு, இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 152-ஆம் பிரிவு. இதன்படி நிர்வாக நடுவர், பொதுத் தொல்லையை நீக்கும்படி நிபந்தனை உத்தரவு போடலாம். உத்தரவு பெற்றவர் அதன்படி செய்ய வேண்டும், அல்லது நேரில் வந்து காரணம் சொல்ல வேண்டும். சமூகத்தின் உடல்நலத்துக்கோ உடல் சுகத்துக்கோ கேடான தொழில், ஆபத்தான பிராணி ஆகிய இரண்டுமே இந்தப் பிரிவில் தெளிவாகக் குறிப்பிடப்பட்டுள்ளன. மாவட்டங்களில் இது பெரும்பாலும் கோட்டாட்சியரின் மேசைக்குப் போகும்.

இந்தப் பிரிவின் வலிமையை நாட்டுக்குக் காட்டியது மத்தியப் பிரதேசத்து ரத்லம் நகராட்சி வழக்கு. திறந்த சாக்கடையாலும் நாற்றத்தாலும் அவதிப்பட்ட ஒரு வார்டு மக்கள் நடுவரிடம் போனார்கள். நகராட்சியோ பணம் இல்லை என்று கைவிரித்து உச்ச நீதிமன்றம் வரை சென்றது. 1980-ல் நீதிபதி வி. ஆர். கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு, நிதி இல்லை என்பது சுகாதாரக் கடமையிலிருந்து உள்ளாட்சியை விடுவிக்காது என்று அறுதியிட்டது. நோட்டீஸ் எழுத ஆள் இல்லை என்று சொல்லும் எந்த அலுவலகத்துக்கும் அந்தத் தீர்ப்பு இன்றும் பொருந்தும்.

மனு கொடுத்தும் அசைவில்லை என்றால், 2005-ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் அந்தப் புகார் எண்ணைக் குறிப்பிட்டு, எடுத்த நடவடிக்கை என்ன, அந்தத் தெருவில் கால்நடை உரிமம் யாருக்கு உண்டு என்று கேட்கலாம். பதில் தர 30 நாள் கெடு. பொதுத் துப்புரவும் சுகாதாரமும் பொதுப் பயன்பாட்டுச் சேவை என்பதால் நிரந்தர மக்கள் நீதிமன்றத்துக்கும் போகலாம்; அங்கே நீதிமன்றக் கட்டணம் கிடையாது. கடைசியாக, கடமையைச் செய்ய உத்தரவிடும்படி உயர் நீதிமன்றத்தில் நீதிப்பேராணை மனு. அண்டை வீட்டார் இருவரும் பேச ஒப்பினால், சென்னை உயர் நீதிமன்றத்தோடு இணைந்து 2005-ல் தொடங்கிய சமரச மையத்தின் முறை இத்தகைய தகராறுகளுக்கு மிகவும் பொருந்தும். தீர்ப்பு வந்த பிறகும் அதே சந்தில் வாழப்போகிறவர்கள் இவர்கள்.

யார் முதலில் வந்தது

கடலோரப் பகுதிகளில் அடிக்கடி எழும் கேள்வி இது. குப்பம் பல தலைமுறை பழையது. எதிரே எழுந்த அடுக்ககம் நேற்று வந்தது. வீடு வாங்கும்போதே மாடு இருப்பது தெரியாதா என்று கேட்பது இயல்பு. இங்கிலாந்தில் 1879-ல் தீர்ந்த ஸ்டர்ஜஸ் வழக்கிலிருந்து, தொல்லை இருக்கும் இடத்துக்குத் தெரிந்தே வந்தவர் என்பதால் மட்டும் ஒருவர் வழக்குரிமையை இழப்பதில்லை என்ற கொள்கை நிலைத்திருக்கிறது. அதே வழக்கு இன்னொன்றும் சொன்னது: ஒரு வட்டாரத்தில் தொல்லையாவது இன்னொரு வட்டாரத்தில் தொல்லை ஆகாமல் போகலாம், இடத்தின் இயல்பைப் பார்க்க வேண்டும்.

பிரான்சில் 2019-ல் ஒலெரான் தீவைச் சேர்ந்த மொரீஸ் என்ற சேவல் விடியலில் கூவுகிறது என்று, அங்கே விடுமுறை வீடு வைத்திருந்தவர்கள் வழக்குப் போட்டார்கள். நீதிமன்றம் சேவலின் பக்கம் தீர்ப்பளித்தது. 2021-ல் அந்நாடு நாட்டுப்புறத்தின் ஒலிகளையும் மணங்களையும் மரபாக ஏற்றுச் சட்டமே செய்தது. பட்டினப்பாக்கத்துக்கு இது அப்படியே பொருந்தாது. அது நாட்டுப்புறம் அல்ல, நெரிசல் மிக்க நகரம். ஆயினும் கருவாட்டு மணத்தையும் கோழிக் கூவலையும் குப்பத்தின் வாழ்வாக ஏற்றுக்கொள்வது நியாயம். அடைத்த வடிகாலையும் புழு நெளியும் சாணக் குவியலையும் அந்தக் கணக்கில் சேர்ப்பது நியாயம் ஆகாது. அவற்றால் முதலில் நோயில் விழுவது கொட்டகையை ஒட்டி வாழும் அதே குப்பத்துக் குழந்தைகள்.

மாடு வைத்திருப்பவரின் பக்கம்

நகரத்தில் மாடு வைத்திருப்பவர் செல்வந்தர் அல்ல. ஒன்றிரண்டு மாட்டை வைத்துக் குடும்பம் நடத்தும் பெண்கள் இதில் ஏராளம். மாட்டின் விலை பல பத்தாயிரம்; தவிடு, புண்ணாக்கு, வைக்கோல் எல்லாமே காசு. மேய்ச்சல் நிலம் இல்லாத ஊரில் மாட்டை அவிழ்த்துவிடுவதற்குப் பின்னால் இருப்பது தீவனச் செலவுதான். அப்படி அவிழ்த்துவிட்டால் மாடு போகும் இடம் குப்பைத்தொட்டி. 2019 அக்டோபரில் வேப்பேரி சென்னைக் கால்நடை மருத்துவக் கல்லூரியில் ஒரு பசுவின் வயிற்றிலிருந்து 52 கிலோ பிளாஸ்டிக்கை அறுவை செய்து எடுத்தார்கள். அந்த நிலையில் உள்ள மாட்டின் பால் அடுத்த வீட்டுக் குழந்தைக்கும்தான் போகிறது. 1960-ஆம் ஆண்டின் பிராணிவதைத் தடுப்புச் சட்டமும், மாட்டுக்குப் போதிய தீனி, தண்ணீர், இருக்க இடம் தராததைக் குற்றமாகவே பார்க்கிறது.

மாட்டை நகரத்துக்கு வெளியே அனுப்பிவிடும் எண்ணம் புதிதல்ல. பம்பாயில் 1949-ல் ஆரே பால் காலனி எழுந்தது நகருக்குள் இருந்த எருமைத் தொழுவங்களை அங்கே மாற்றத்தான். சென்னைக்கு மாதவரம் பால் காலனி அப்படி வந்தது. மாதவரம் இன்று நகரத்துக்கு உள்ளேயே வந்துவிட்டது. கால்நடை மருத்துவ அறிவியல் பல்கலைக்கழகத்தின் இடமாக விளங்குகிறது. அன்று வெளியே போனவை பெரிய தொழுவங்கள். ஒன்று, இரண்டு மாடு வைத்திருந்தவர்கள் வாடிக்கை வீடுகளை விட்டுப் போக முடியாமல் தெருவிலேயே தங்கினார்கள்.

இப்போது சென்னை மாநகராட்சி பகுதிவாரியாகப் பொதுக் கொட்டகைகள் கட்டத் தொடங்கியிருக்கிறது. இடமில்லாதவர்கள் சிறு நாள் கட்டணத்துக்கு மாட்டை அங்கே கட்டி, அவர்களே கறந்துகொள்ளலாம். எத்தனையோ ஆண்டு அபராத அரசியலுக்குப் பிறகு இடத்தைப் பற்றிச் சிந்திக்கும் முதல் முயற்சி என்பதால் இது வரவேற்கத்தக்கது. வெற்றி பெறுமா என்பது தூரத்தைப் பொறுத்தது. விடியற்காலை 4 மணிக்கும் மாலை 3 மணிக்கும் கறக்க வேண்டிய ஒரு பெண், பட்டினப்பாக்கத்திலிருந்து பல கிலோமீட்டர் தாண்டி நாளுக்கு இரண்டு முறை போய் வர முடியாது. நடந்து போகும் தூரத்தில், இரவுக் காவலோடும் தண்ணீர்க் குழாயோடும் இருந்தால் அவர் வருவார். சேரும் சாணத்துக்கும் வழி உண்டு: ஒரு கன மீட்டர் சாண எரிவாயுவுக்குச் சுமார் 25 கிலோ சாணம் போதும். ஐம்பது மாடு நிற்கும் கொட்டகை ஒன்றில் நாளொன்றுக்கு 20 கன மீட்டருக்குக் குறையாமல் எரிவாயு எடுக்கலாம். ஒரு பெரிய சமையற்கூடத்துக்கு அது உதவும், மிச்சம் வரும் கரைசல் மாநகராட்சிப் பூங்காக்களுக்கு எரு. பால் கறக்கும் கூலியும் தீவனமும் சாணத்தின் வருமானமும் ஒரே கணக்கில் வருமானால், மாடு வளர்ப்பவர் உரிமம் எடுக்கவும் தயங்க மாட்டார். சுகாதார ஆய்வாளரும் பத்துச் சந்துகளுக்குப் பதில் ஒரே கொட்டகையை வாரம் தவறாமல் பார்வையிட முடியும்.